பைஜாமாவைப் பிடித்த பெருமக்களுக்கு

பெறுநர்:
நகர நிர்வாகத் துறை,
சூஜோ, அன்ஹுயி மாகாணம், சீனா.

பொருள்: பைஜாமா அணிந்தோரை அம்பலப்படுத்தியமைக்குப் பாராட்டு – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

2020 ஜனவரியில் தாங்கள் ஆற்றிய அரும்பணியைப் பாராட்ட யாருக்கும் மனம் வரவில்லை. அந்தக் குறையைப் போக்கவே இக்கடிதம்.

கண்காணிப்பு கேமராவில் சிக்கிய ஏழு பேரின் படங்களை, அடையாள விவரங்களோடு வீசாட் சமூக ஊடகத்தில் ஏற்றினீர்கள். குற்றம்: பைஜாமாவோடு தெருவுக்கு வந்தது. புசுபுசுவென்ற இளஞ்சிவப்பு மேலங்கியும் ஆரஞ்சு நிறச் செருப்புமாக ஒரு பெண் நிற்பதைப் பார்த்து எனக்கே குலை நடுங்கியது. ‘நாகரிக நகரம்’ பட்டத்துக்கு அப்போது போட்டியிட்ட ஊருக்கு இது அடுக்குமா?

மக்கள் கொதித்ததும் மன்னிப்புக் கேட்டீர்கள். அதிலும் என்ன நேர்த்தி! இனிமேல் படங்களை மங்கலாக்கிப் போடுவீர்களாம். முகம் மங்கும், மானம் வழக்கம்போலப் போகும்.

தங்கள் நாட்டுக் கேமராக்கள் ஆள் பார்ப்பதில்லை என்பதும் தெரியும். 2018இல் நிங்போ நகரில், பேருந்து விளம்பரத்தில் இருந்த தொழிலதிபர் டோங் மிங்ஜூவின் முகத்தைப் பிடித்து, சிவப்பு விளக்கை மீறிச் சாலையைக் கடந்தவர் என்று திரையில் போட்டுவிட்டார்கள். பேருந்துக்கு அடையாள அட்டை இல்லை, தப்பித்தது.

ஊரறிய அவமானப்படுத்தும் இந்தக் கலையின் முழுப் பலனையும் கண்டது வூஹான்தான். புரளி பரப்பிய எட்டுப் பேர் மீது நடவடிக்கை எடுத்ததாக 2020 ஜனவரி 1 அன்று அங்குள்ள போலீஸ் வெய்போ சமூக ஊடகத்தில் அறிவித்தது. அரசுத் தொலைக்காட்சி அதை நாடெங்கும் கொண்டுசேர்த்தது. புதுக் காய்ச்சலைப் பற்றிச் சக மருத்துவர்களை எச்சரித்த லீ வென்லியாங்கை 3ஆம் தேதி அழைத்து, கண்டனக் கடிதத்தில் கையெழுத்து வாங்கினார்கள். 23ஆம் தேதி ஊரையே பூட்டினார்கள். பிப்ரவரி 7இல் அந்த நோய்க்கே லீ பலியானார். மார்ச்சில் போலீஸ் கடிதத்தைத் திரும்பப் பெற்று, அவர் குடும்பத்திடம் மன்னிப்புக் கேட்டது. எட்டுப் பேரைத் தலைகுனிய வைத்தால் போதும், மற்றவர்கள் தாமாக வாயை மூடிக்கொள்வார்கள். முகக்கவசம் எல்லாம் பிறகு வந்ததுதானே!

நிற்க, ஒரு சிறு விண்ணப்பம். வெட்கம் நல்ல குணம். அதை மக்கள் தலையிலேயே கட்டிவிட்டு அதிகாரிகள் வெறுங்கையோடு நிற்பது நியாயமல்ல. ஆகவே, அந்த ஏழு படங்களை வெளியிட உத்தரவு போட்டவர் யார், பொத்தானை அழுத்தியவர் யார் என்ற பட்டியலையும் படத்தோடு வீசாட்டில் ஏற்றுமாறு வேண்டுகிறேன். மங்கலாக்க வேண்டாம். அலுவலக நேரம் என்பதால் எல்லோரும் ஒழுங்காகத்தான் உடுத்தியிருப்பார்கள். தாங்கள் அறிந்த வரையில் வெட்கப்பட வேறு காரணம் ஏதும் இல்லையே!

இப்படிக்கு,
தங்கள் கேமராவுக்கு எட்டாத ஒருவன்