பாட்டு ஓடாத இயர்போன்: ஓர் ஆய்வு

செங்கல்பட்டிலிருந்து சென்னை பீச் போகும் மின்சார ரயிலின் லேடீஸ் பெட்டியில், வேலைக்குச் செல்லும் இளம்பெண்ணின் காதில் இருப்பது பாட்டுக் கேட்கும் கருவி என்றே அறிஞருலகம் நம்பி வந்திருக்கிறது. இது பிழை. பரனூர் தாண்டியதும் எதிர் சீட் அம்மாள், "ஏம்மா, இது பொத்தேரில நிக்குமா?" என்று வாய்க்குள் கேட்டால்கூட, இரண்டு காதையும் அடைத்துக் கண்ணை மூடியிருப்பவள் "நிக்கும்க்கா" என்கிறாள். பக்கத்தில் யாரோ மாமியார் பேச்சை எடுத்துவிட்டால், கதை சூடுபிடிக்கும் இடத்தில் சரியாக அவள் உதட்டோரம் சிரிப்பு வருகிறது. ஆக, பாட்டு ஓடவில்லை. 'என்னிடம் பேச வேண்டாம். நீங்கள் பேசிக்கொள்ளுங்கள், கேட்கிறேன்' என்பதே அக்கருவியின் பொருள்.

தனிமைதான் வேண்டுமென்றால் காலிப் பெட்டியில் ஏறலாமே என்பார்கள். இரவு திரும்பும் கடைசி ரயிலில், தாம்பரத்தில் கூட்டம் இறங்கியதும் அவள் செய்வதைக் கவனிக்க வேண்டும். இயர்போன் பைக்குள் போகிறது. அவள் எழுந்து, காலிக் கூடையோடு திரும்பும் பூக்கார அம்மாவின் பக்கத்தில் போய் உட்கார்கிறாள். காலிப் பெட்டியில் காது காவலுக்கு வேண்டியிருக்கிறது. நாலு பெண்கள் சுற்றி இருந்தால்தான் ஒருத்தியால் தனியாக இருக்க முடியும். வீட்டில் கிடைக்காதா என்றால், அங்கே கதவைச் சாத்திய இரண்டாம் நிமிடம் "உள்ள என்னடி பண்ற?" என்று குரல் வரும். பெண்களுக்குப் பெட்டி ஒதுக்கச் சொல்லும் 1989 ரயில்வே சட்டத்தின் 58ஆம் பிரிவு பாதுகாப்பை நினைத்து எழுதப்பட்டிருக்கலாம். கூடவே தனிமையையும் கொடுத்துவிட்டது.

கேட்காததுபோல் நடிப்பது நேர்மையா என்று ஒழுக்கவாதிகள் கேட்பார்கள். செங்கல்பட்டு மாவட்டத்தில் இதற்கு ஏழாம் நூற்றாண்டுச் சான்றே உண்டு. மாமல்லபுரத்துப் பெரும்பாறையில் ஒற்றைக் காலில் நிற்பவர் அர்ச்சுனனா, பகீரதனா என்று ஆய்வாளர்கள் இன்னும் அடித்துக்கொள்கிறார்கள். யாராயிருந்தால் என்ன, அவர் தவம் செய்வது தேவரும் நாகரும் வேடரும் யானைகளுமாக நூற்றுக்கும் மேற்பட்ட உருவங்களுக்கு நடுவே. ஆளில்லாத தவத்தைப் பல்லவச் சிற்பி நம்பவில்லை போலும். கீழே ஒரு பூனையும் முன்னங்கால்களைத் தூக்கித் தவமிருக்கிறது. அதன் காலடியில் எலிகள். பூனைக்கு எலி வேண்டும். நம் பெண்ணுக்குக் கதையின் மீதி போதும், அதற்காகச் சில சமயம் இறங்க வேண்டிய ஸ்டேஷனையும் விட்டுவிடுவாள். இந்த ஆய்வை இப்போது மிரட்டுவது ஒயரில்லாத இயர்பட்ஸ்தான். தலைமுடிக்குள் மறைந்துவிடுவதால் எதிர் சீட்டுக்கு அது தெரிவதில்லை, கூடுவாஞ்சேரிக்குள் "உனக்கு வரன் பாக்கறாங்களாம்மா?" வரை பேச்சு வந்துவிடுகிறது. எனவே ஒயர் வைத்ததையே வாங்க வேண்டும், அதுவும் வெள்ளை நிறத்தில்.