எண்ணுக்குள் ஒரு ஜாதகம்

கேள்வி: அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்தில் ஓட்டுநர் உரிம எண்ணைப் பார்த்தே பிறந்த நாளைச் சொல்லிவிடலாமாமே, நிஜமா?
– வாசகி, கும்பகோணம்

பதில்: நிஜம்தான். ஓர் எழுத்து, 11 இலக்கங்கள். அதற்குள் பாதி ஜாதகம்! முதல் எழுத்தும் 3 இலக்கங்களும் குடும்பப் பெயர். 1918-ல் ராபர்ட் ரஸ்ஸல் காப்புரிமை பெற்ற சவுண்டெக்ஸ் முறை இது. உயிரெழுத்துகளைத் தள்ளிவிட்டு, ஒத்து ஒலிக்கும் மெய்களுக்கு ஒரே எண் தரும். நம் ‘க’வைப் போலவே இதற்கும் ஆங்கிலத்தின் கே, ஜி இரண்டும் ஒன்றுதான். குமாரும் குமாரியும் கே560. அடுத்த மூன்று, சொந்தப் பெயர். பிறகு இரண்டு, பிறந்த வருடம்.

கடைசி மூன்றுதான் சுவாரசியம். எல்லா மாதத்துக்கும் 31 நாள் என்று வைத்து எண்ணுகிறார்கள். மார்ச் 5-ல் பிறந்த ஆணுக்கு 067. பெண்ணுக்கு 600 கூட்டி 667. வயதை மறைக்க நினைப்பவர் அட்டையையே மறைக்க வேண்டியதுதான்!

உங்கள் பிள்ளைகள் அங்கே இருந்தால், உரிமத்தைப் படமெடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்ப வேண்டாம் என்று சொல்லுங்கள். பிறந்த தேதியை மட்டும் மறைத்துப் பயனில்லை. எண்ணே அதைச் சொல்லிவிடும்.