கடல் மட்டத்திலிருந்து கொஞ்சம் மேலே

மன்னார்த் தீவில் பிறந்தவனுக்கு மலையைப் பற்றி எழுத என்ன யோக்கியதை என்று கேட்பீர்கள். நியாயம்தான். எங்கட ஊரில் சைக்கிளை விட்டு இறங்கித் தள்ளுவது ஏற்றத்துக்காக அல்ல, எதிர்க்காற்றுக்காக. பனை உச்சிதான் எங்களுக்குச் சிகரமாயிருந்தது. பிறகு தம்பபவனிக் காற்றாலைகள் முப்பது வந்து நின்று, பனைகளையும் பற்றைகளாக்கிவிட்டன.

மனைவி வீட்டார் மலைநாடு. மச்சானுக்கு ஹட்டன். வருகிற போதெல்லாம், "இது ஊரா, தோசைக்கல்லா மச்சான்?" என்பார். வெயிலைச் சொல்கிறாரா மட்டத்தைச் சொல்கிறாரா தெரியாது, இரண்டுக்கும் பொருந்தும். ஹோட்டன் சமவெளித் தேசியப் பூங்காவுக்குள் இருக்கிற கிரிகல்பொத்தை ஏறக்குறைய 2,390 மீட்டர் என்று ஒருநாள் பெருமையடித்தார். எனக்குப் பொறுக்கவில்லை. "எங்களுக்கும் தேசியப் பூங்காவுக்குள்ள ஒரு மலை இருக்கு. குதிரைமலை" என்றேன். உயரத்தை அவர் கேட்கவில்லை, நான் சொல்லவுமில்லை.

குதிரைமலை, அரிப்பு, சிலாவத்துறையெல்லாம் தாண்டி, அதே கரையில் தெற்கே, வில்பத்துக்குள் இருக்கிறது. 1938இல் தேசியப் பூங்காவான காடு. கரையோரமாய் நேரே கிடக்கிற மலைக்கு நாங்கள் மதவாச்சி, அநுராதபுரம் என்று நாட்டுக்குள் சுற்றி, ஹுனுவிலகம வாசலால் நுழைந்தோம். வழி நீள நீள மச்சானுக்கு மலையின் மேல் மரியாதை கூடிற்று. சப்பாத்துக் கயிற்றை இறுக்கிக் கட்டினார். ஜீப்பிலிருந்த மற்றவர்கள் சிறுத்தை தெரியுமா என்று பற்றைக்குள் பார்த்தார்கள். மச்சான் சிகரம் தெரியுமா என்று வானத்தைப் பார்த்தார்.

வில்லு என்கிற நீர்நிலைகள் போயின, காடு போயிற்று, கடல் வந்தது. ஜீப் நின்றது. பூங்காவுக்குள் நினைத்த இடத்தில் இறங்க விடமாட்டார்கள், இங்கே இறங்கலாம்.

"மலை எங்க மச்சான்?"

"அதிலதான் நிக்கிறம்."

குனிந்து பார்த்தார். செம்மண். அந்தப் பக்கம் கரை வெட்டி விட்டாற்போல் கடலுக்கு இறங்குகிறது. அவ்வளவுதான் மலை.

மச்சான் வாய் திறக்குமுன் நான் ராஜாக்களை இறக்கினேன். முத்து வாரிய கடலைப் பார்த்தபடி அல்லி அரசாணி ஆண்டது இங்கேதான் என்பது கரையோரத்துக் கதை. செம்பு நிறத்து மண்ணைக் காட்டி, விஜயன் வந்திறங்கியதும் இங்கே என்பார்கள். உரோமர்களும் உண்டு. அன்னியஸ் பிளொகாமஸ் என்பவரின் விடுதலை பெற்ற அடிமையொருவன், அரேபியக் கரையில் காற்றில் அகப்பட்டு, பதினைந்தாம் நாள் இலங்கையில் ஹிப்புரோஸ் என்ற துறையில் ஒதுங்கினான் என்று பிளினி எழுதிவைத்திருக்கிறார். கிரேக்கத்தில் அந்தப் பெயருக்குள்ளும் ஒரு குதிரை நிற்பதால், துறை இதுதான் என்று அறிஞர்கள் பிடித்துக்கொண்டார்கள். ஆறு மாதம் அரச உபசாரம். பிறகு இங்கிருந்து நாலு தூதுவர்கள் கிளாடியஸ் மன்னனிடம் போனார்கள். காற்றடித்து வந்தவனுக்கு அவ்வளவு கிடைத்தது. காசு கொடுத்து ஜீப்பில் வந்த எங்களுக்கு ஒரு பிளேன்ரீகூட இல்லை.

புறநானூற்றுப் பிட்டங்கொற்றனின் குதிரைமலையும் இதுவே என்று இங்கே வாதாடுவோர் உண்டு. கொங்குநாட்டார் அது தங்களுடையது என்பார்கள். அவர்களிடம்தான் மேற்குத் தொடர்ச்சி முழுக்க மலை கிடக்கிறதே, இதையாவது எங்களுக்கு விட்டால் என்ன?

மச்சான் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "உங்க மலைக்கு அடியவிட ராஜா ஜாஸ்தி மச்சான்" என்றார். ஜீப் டிரைவர் சிரித்தார். ஒரு காலத்தில் பெரிய குதிரைச் சிலையொன்று கடலைப் பார்த்து நின்றதாம். அதன் கால் என்று அவர் ஒரு சிதைந்த கட்டுமானத்தைக் காட்டினார். முன்காலா பின்காலா என்று மச்சான் கேட்டதற்கு மட்டும் பதில் வரவில்லை.

ஆறு மணிக்குள் பூங்காவை விட்டு வெளியேற வேண்டும். அதற்குள் மச்சானுக்கு ஒரு படம் தேவைப்பட்டது. நான் சரிவில் கொஞ்சம் இறங்கி, மண்ணில் மல்லாந்து கிடந்து, போனை மேலே பிடித்து எடுத்தேன். இடுப்பில் கை, முதுகுக்குப் பின்னால் வெறும் வானம். கிரிகல்பொத்தை தோற்றது.

அந்தப் படம் ஹட்டனில் உறவுக்காரர்களிடையே சுற்றியிருக்கிறது. அடுத்த லீவுக்கு மாமி குடும்பமாய் வருகிறாராம். உச்சியில் குளிர் எப்படி, ஸ்வெட்டர் வேண்டுமா என்று போன் பண்ணினார். ஆளுக்கு இரண்டு கொண்டுவரச் சொல்லியிருக்கிறேன்.