அரைத் தட்டு ஊர்வலம்

தமிழ்நாட்டுப் பந்தியில் "போதும்" என்று சொல்கிற உரிமை சாப்பிடுகிறவனுக்கு மட்டும்தான் உண்டு. அதையும் யாரும் மதிப்பதில்லை. இலைக்குக் குறுக்கே இரண்டு கையையும் வைத்து மறித்தாலும் விரலிடுக்கு வழியாகப் பாயசம் இறங்கும். எழுந்திருக்க முடியாமல் எழுந்திருப்பதுதான் சாப்பிட்டதற்கு அத்தாட்சி. இந்தச் சட்டதிட்டத்துக்குக் கட்டுப்பட்டே அறுபது வயதைத் தொட்ட உடம்பு என்னுடையது. இதை ஒரு சாயங்காலம் முழுக்கச் சௌகார்பேட்டையில் நடத்திக் கூட்டிப்போய், கடை கடையாக நிறுத்தி, சாப்பிட விடாமல் திருப்பி அனுப்பினார்கள். அதற்கு இரண்டாயிரத்துச் சொச்சம் ரூபாய் கட்டணம். உணவு நடை என்று பெயர்.

பணம் கட்டியவள் என் மகள். பெங்களூரில் உட்கார்ந்துகொண்டு போனிலேயே பதிவு செய்துவிட்டு, "அப்பா, இதுதான் உங்க ரிட்டயர்மென்ட் கிஃப்ட்" என்றாள். இந்தக் காலத்துப் பிள்ளைகள் பொருளாக எதுவும் தருவதில்லை, அனுபவமாகத்தான் தருகிறார்கள். பொருளாக இருந்தால் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டு நிம்மதியாக இருக்கலாம். அனுபவத்தை நேரில் போய்ப் பட்டால்தான் உண்டு.

"எங்க கூட்டிட்டுப் போறாங்களாம்?" என்று கேட்டாள் மனைவி.

"சௌகார்பேட்டை."

"இங்கேர்ந்து பஸ் இருக்கே. அந்தக் காசுக்கு அங்க ஒரு மாசம் சாப்பிடலாம்."

கணக்கு சரிதான். வங்கியில் முப்பத்தைந்து வருஷம் இருந்த என்னைவிட வட்டிக் கணக்கு அவளுக்குத்தான் சுளுவாக வரும். 'வெறும் வயிற்றோடு வரவும்' என்று குறுஞ்செய்தி வந்திருந்தது. அதைப் படித்துக் காட்டியும், "வெறும் வயித்தோட வெயில்ல போனா மயக்கம் வரும்" என்று ஒரு கிண்ணம் மோர்சாதத்தைப் பிசைந்து கையில் கொடுத்துவிட்டாள். சர்க்கரை மாத்திரையும் போட்டுக்கொண்டு கிளம்பினேன்.

தங்க சாலையும் என்.எஸ்.சி. போஸ் சாலையும் சேர்கிற முனையில் ஒன்பது பேர் கூடினோம். ஐ.டி. கம்பெனித் தம்பதி ஒன்று. பிரான்சிலிருந்து வந்த இரண்டு பெண்மணிகள். கழுத்தில் கேமரா மாட்டிய ஓர் இளைஞர், தான் படம் எடுக்கும்வரை யாரும் தட்டைத் தொடக்கூடாது என்பது அவர் கொள்கை. கல்லூரிப் பையன்கள் இரண்டு பேர். பிறகு கோயம்புத்தூர்க்காரர் ஒருவர். எதை வாயில் போட்டாலும், "நல்லாத்தானுங்க இருக்குது, ஆனா எங்கூரு அன்னபூர்ணா சாம்பாருக்கு..." என்று ஆரம்பிப்பார். கேட்டது ஜிலேபியைப் பற்றியாக இருந்தாலும் பதில் சாம்பாரைப் பற்றித்தான்.

வழிகாட்டிப் பெண்ணுக்கு என் மகள் வயதுகூட இருக்காது. தோள்பையில் ஈரத்தாள், உப்பு சர்க்கரைக் கரைசல் பொட்டலம், எவர்சில்வர் ஸ்பூன்கள், அப்புறம் ஒரு கத்தரிக்கோல். கத்தரிக்கோல் எதற்கு என்று எனக்கு அப்போது தெரியவில்லை.

"எல்லாமே ஷேரிங்தான். யாரும் எதையும் முழுசா சாப்பிட வேண்டாம். இன்னும் நிறைய கடை இருக்கு. ஓகேவா அங்கிள்?" என்று என்னை மட்டும் பார்த்துச் சொன்னாள். தொந்தியைப் பார்த்து ஆளை எடைபோடும் வித்தை இந்தத் தொழிலில் சொல்லிக்கொடுப்பார்கள் போலிருக்கிறது.

முதல் கடையில் கச்சோரி. எண்ணெயிலிருந்து அப்போதுதான் எடுத்தது, மேலே விரலால் தட்டினால் டொக்கென்று சத்தம் வரும் பதம். ஒன்பது பேருக்கு மூன்று வாங்கினாள். பையிலிருந்து கத்தரிக்கோலை எடுத்தாள். ரிப்பன் வெட்டுகிற மந்திரியின் நிதானத்தோடு ஒவ்வொன்றையும் மூன்றாக நறுக்கினாள். உள்ளே இருந்த பருப்பு மசாலா பாதி தொன்னையில் விழுந்தது, பாதி என் சட்டையில். சட்டையில் விழுந்தது என் பங்குக்கு மேல் கிடைத்தது என்பதால் நான் ஒன்றும் சொல்லவில்லை.

அப்புறம் கதை. 1840-களில் கும்பினியார் நாணயம் அடிக்கும் சாலையை இங்கே கொண்டுவந்ததால் தெருவுக்கு மின்ட் தெரு, தங்க சாலை என்று பெயர், அந்தக் கட்டடம் பின்னால் அரசு அச்சகமாகிவிட்டது என்று சொல்லிக்கொண்டிருந்தாள். காசு அடித்த இடத்தில் கெஜட் அடித்தார்கள் என்பது எனக்குச் சுவையான செய்தியாகத்தான் பட்டது. ஆனால் மின்ட் தெருவில் நின்று சரித்திரம் கேட்பது லேசுப்பட்ட காரியமில்லை. முதுகில் மூட்டை, எதிரே மீன்பாடி வண்டி, நடுவில் ஸ்கூட்டரில் நாலு பேர். துணி பேல் ஒன்றைத் தலையில் வைத்துக்கொண்டு வந்தவர் நாங்கள் வட்டமாக நிற்பதைப் பார்த்துவிட்டு, "கதைய ஓரமா நின்னு சொல்லும்மா, கழுத்து ஒடியுது" என்றார். பிரெஞ்சுப் பெண்மணி ஆர்வமாக, அவர் என்ன சொன்னார் என்று கேட்டார். "உங்களை வரவேற்கிறார்" என்று மொழிபெயர்த்தாள் வழிகாட்டி. பிழைக்கத் தெரிந்த பெண்.

காக்கடா ராம்பிரசாத் கடை வாசலில் ஜிலேபி போடுவதைப் பார்ப்பதற்குத் தனியாகவே கட்டணம் வாங்கலாம். ஆழமில்லாத அகலமான சட்டி. மாஸ்டர் கையில் புளித்த மாவைக் கட்டிய துணிப்பொட்டலம், அடியில் சின்ன ஓட்டை. மணிக்கட்டு மட்டும்தான் அசைகிறது. ஒரு சுற்று, இரண்டு சுற்று, மூன்றாவது சுற்றில் ஒரு குறுக்குக் கோடு போட்டுப் பூட்டிவிட்டு அடுத்ததற்குப் போய்விடுகிறார். முதல் சுழி சிவப்பதற்குள் சட்டி நிறைந்துவிடுகிறது. கம்பியால் கோத்தெடுத்துப் பாகில் முக்கி, வடியவிட்டு, தட்டில். "இது நம்ம ஜாங்கிரிதானே?" என்று ஐ.டி. பையன் கேட்டுவிட்டான். நான் பொறுத்துக்கொள்ளவில்லை. ஜாங்கிரி உளுந்து, ஜிலேபி மைதா, அது கல்யாணத்துக்கு, இது சாயங்காலத்துக்கு என்று பத்து நிமிடம் எடுத்துச் சொன்னேன். சொல்லி முடித்துத் திரும்பினால் தட்டு காலி. எனக்கென்று ஒரு கால் வட்டத்தை வழிகாட்டி பத்திரப்படுத்தியிருந்தாள். "சுகர் இருக்குன்னு சொன்னீங்களே அங்கிள், அதான்" என்றாள். பதிவுப் படிவத்தில் என் நோய்களையெல்லாம் மகள் எழுதிக்கொடுத்திருக்கிறாள் என்பது அப்போதுதான் தெரிந்தது.

முறுக்கு சாண்ட்விச்சைப் பற்றி எனக்கு முன்பே ஒரு அபிப்பிராயம் இருந்தது. ரொட்டி கிடைக்காத ஊரா இது? இரண்டு வட்ட முறுக்குக்கு நடுவில் தக்காளி, வெள்ளரி, வெங்காயம், பச்சைச் சட்னி, மேலே துருவிய சீஸ். கடித்தால் முறுக்கு நொறுங்கி மேலே போகிறது, தக்காளி நழுவிக் கீழே போகிறது, நமக்கு நடுவில் இருக்கிற சட்னி மட்டும் கிடைக்கிறது. ஆனால் அந்தச் சட்னிக்காகவே இன்னொரு முறை நொறுக்கலாம். ஜெயின் ஆட்களுக்கு வெங்காயம் போடாமல் கட்டிக் கொடுக்கிறார்கள். வெங்காயம், பூண்டு மட்டுமல்ல, மண்ணுக்கடியில் விளையும் உருளைக்கிழங்கும் அவர்களுக்கு ஆகாது. அதனால் இந்தத் தெருவில் பாவ் பாஜியில்கூட உருளைக்கிழங்கின் வேலையை வாழைக்காய் பார்க்கிறது. மெரீனாவில் பஜ்ஜி போட்டுக்கொண்டிருந்த வாழைக்காய்க்கு வடநாட்டில் பதவி உயர்வு கிடைத்த மாதிரி. சூரியன் மறைவதற்குள் சாப்பிட்டு முடிக்கிற வழக்கம் உள்ளவர்கள் என்பதால், ஐந்து மணிக்கெல்லாம் கடைகளில் அப்படியொரு நெரிசல். முறுக்கு சாண்ட்விச்சை இன்னொரு முறை வாங்க நான் வரிசையில் நின்றேன். பின்னால் ஒரு குரல்: "அங்கிள், லஸ்ஸிக்கு இடம் வேணாமா?"

லஸ்ஸிக் கடையில்தான் அவளுக்குச் சரியான எதிராளி கிடைத்தார். தாத்தா காலத்தில் ராஜஸ்தானிலிருந்து வந்த குடும்பமாம். ஆனால் முதலாளியின் தமிழில் பாலைவனத்தின் சாயலே இல்லை, அத்தனையும் வடசென்னை.

"பையா, ஒன்பது பேருக்கு மூணு கிளாஸ். சின்ன கப்ல பிரிச்சிக் குடுங்க."

"இன்னாம்மா சொல்ற? ஒன்பது ஆளு வந்து நிக்கிது, மூணு கிளாஸா? என் கடைல அப்படிக் குடுத்து யாராச்சும் பாத்தா நாளைக்கு என்ன பேசுவான்?"

"டூர் பையா. இன்னும் கடை இருக்கு."

"இருந்துட்டுப் போவட்டும். சார் மாதிரி ஆளுக்குக் கா கிளாஸ் எந்த மூலைக்கு?"

சார் மாதிரி ஆள் நான்தான். முதல்முறையாக அன்று என் தொந்திக்கு ஒருவர் மரியாதை கொடுத்தார். அவள் விடவில்லை, இவரும் விடவில்லை. அவள் மூன்று கிளாஸுக்குப் பணத்தை நீட்டினாள். அவர் ஐந்து கிளாஸ் நிரப்பினார், இரண்டு தன் கணக்கு என்றார். அவள் பிரித்து ஊற்றிக்கொண்டிருக்கும்போதே, பெரிய பாத்திரத்தில் தோல்போலப் படிந்திருந்த ஏட்டை ஸ்பூனால் வழித்து, அவள் அந்தப் பக்கம் திரும்பிய நொடியில் என் கப்பில் போட்டார். கண்ணடித்தார். எங்கள் ஊர்ப் பந்தியில் என் பெரியப்பா இதே வேலையைத்தான் நெய் ஜாடியோடு செய்வார். ஏடு ஸ்பூனில் நிற்காமல் கயிறாக இறங்கியது. மோர்சாதத்துக்கு மேல் ஜிலேபி, ஜிலேபிக்கு மேல் சட்னி, அதற்கு மேல் இது. வயிறு ஒரு கூட்டணி ஆட்சியாகியிருந்தது.

கோவிந்தப்ப நாயக்கன் தெருப் பக்கம் திரும்பியதும் கொத்தவால் சாவடியின் கதை ஆரம்பமானது. "ஒரு காலத்தில் இந்த ஊருக்கே காய்கறி இங்கேயிருந்துதான் போனது. 1996-ல் மார்க்கெட்டைக் கோயம்பேட்டுக்கு மாற்றிவிட்டார்கள்" என்று, ஹரப்பா நாகரிகத்தைச் சொல்கிற குரலில் சொன்னாள். "நானே இங்க வந்து வாழைத்தார் வாங்கியிருக்கேன்மா. முட்டைக்கோஸ் சேத்துல செருப்பு மாட்டிக்கிட்டு வெறுங்காலோட வீட்டுக்குப் போயிருக்கேன்" என்றேன், சும்மா வாய் தவறி. அவள் முகம் மலர்ந்தது. என்னைக் கையைப் பிடித்து நடுவில் நிறுத்தி, பிரெஞ்சுப் பெண்மணிகளிடம் ஏதோ சொன்னாள். அவர்கள் பயபக்தியோடு என்னைப் பார்த்தார்கள். கேமரா இளைஞர் மூன்று கோணத்தில் என்னைப் படம் எடுத்தார். கச்சோரிக்கு அவர் செலவழித்த நேரத்தில் பாதிதான் எனக்கு ஒதுக்கினார் என்பதில் லேசான வருத்தம்.

கொஞ்ச தூரத்தில் ஏழுகிணறு, அங்கே வீராசாமித் தெருவில்தான் வள்ளலார் குடியிருந்தார், அவர் பாடிய கந்தகோட்டம் நாம் போகிற வழியில்தான் என்றாள். பசித்தவனுக்குச் சோறு போடுவதற்காக 1867-ல் வடலூரில் அடுப்பு மூட்டியவர், அந்த அடுப்பு இன்னும் அணையவில்லை. நாங்களோ பசி வருவதற்கு வாய்ப்பே தராமல் அவர் நடந்த தெருக்களில் ஏப்பம் விட்டுக்கொண்டு போனோம். கோபுரம் தெரிந்த இடத்தில் எல்லோரும் கன்னத்தில் போட்டுக்கொண்டோம். கோயம்புத்தூர்க்காரர் மட்டும் கொஞ்சம் பலமாகவே போட்டுக்கொண்டார். அவர் முறுக்கு சாண்ட்விச்சை இரண்டாவது தடவை ரகசியமாக வாங்கித் தின்றதை நான் பார்த்திருந்தேன்.

என்.எஸ்.சி. போஸ் சாலை, அதாவது பழைய சைனா பஜார், பூக்கடை வழியாகப் பாரிமுனைவரை நடைதான், தீனி இல்லை. ஜீரணத்துக்கு என்று ஒதுக்கிய நேரமாம். நடைபாதையில் இறங்கி ஏறி, பாலித்தீன் பைக் கடைகளையும் பூட்டுக் கடைகளையும் தாண்டி, இரண்டாவது கடற்கரைச் சாலைக்கு வந்து சேர்ந்தபோது இருட்டியிருந்தது. வரிசையாக அத்தோ என்கிற பர்மா நூடுல்ஸ் வண்டிகள்.

இங்கே அவள் கதையைச் சுருக்கமாகச் சொன்னாள், அதனாலேயே நன்றாக இருந்தது. 1962-ல் பர்மாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. கடைகண்ணிகள் அரசுடைமையாயின. தலைமுறைகளாக அங்கே இருந்த தமிழர்கள் கையில் கிடைத்ததோடு கப்பலேறினார்கள். 1969-ல் பக்கத்திலேயே பர்மா பஜார். சாமானைத்தான் விட்டுவிட்டு வரச் சொல்ல முடியும், நாக்கை விட்டுவிட்டு வரச் சொல்ல முடியாதே.

வண்டிக்காரர் கிண்ணத்தில் ஆரஞ்சு நிற நூடுல்ஸை ஒரு பிடி போட்டார். இழையாகச் சீவிய முட்டைக்கோஸ், பொரித்த வெங்காயம், நொறுக்கிய பேஜோத் தட்டை, பூண்டு எண்ணெய், புளித்தண்ணீர், மிளகாய்த் தூள், உப்பு. கையாலேயே உதறி உதறிப் பிசைந்தார். இன்னொரு கையால் அவித்த முட்டையைக் கீறி, வறுத்த வெங்காயத்தை உள்ளே அடைத்துப் புளித்தண்ணீர் விட்டார்.

"அண்ணே, ஒன்பது பேருக்கு நாலு பிளேட்" என்றாள் வழிகாட்டி.

"தனித்தனியா கலந்தாத்தான்மா உப்பு காரம் நிக்கும்" என்று ஒன்பது கிண்ணத்தையும் வரிசையாக வைத்துவிட்டார்.

அவள் கத்தரிக்கோலைத் தொட்டாள், விட்டுவிட்டாள். நூடுல்ஸை எந்தப் பக்கம் வெட்டுவது? கூடவே வாழைத்தண்டு சூப். பாதி குடித்து வைப்பதற்குள் கரண்டி வந்து நிரப்பிவிட்டுப் போகிறது. காசில்லை, கேள்வியில்லை, வேண்டாம் என்று சொல்ல வாயில் இடமும் இல்லை. கோயம்புத்தூர்க்காரர் இரண்டாவது கப் சூப்பை உறிஞ்சிவிட்டு ரொம்ப நேரம் ஒன்றுமே பேசவில்லை. அன்னபூர்ணா அன்று முதல்முறையாக ஓய்வெடுத்தது.

பின்னூட்டப் படிவம் எல்லோர் போனுக்கும் அனுப்பியாகிவிட்டது, டூர் முடிந்தது என்று அறிவித்தாள். பிரெஞ்சுக்காரர்கள் ஆட்டோ பிடிக்கப் போனார்கள். அவள் தோள்பையைக் கழற்றி வண்டியின் கொக்கியில் மாட்டினாள். பிளாஸ்டிக் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"அண்ணே, எனக்கு ஒரு ஃபுல் அத்தோ. ரெண்டு முட்டை. பேஜோ எக்ஸ்ட்ரா. அப்புறம் சூப் ஊத்தின மொய்ங்கா நூடுல்ஸ் ஒண்ணு."

கேமரா இளைஞர் பழக்க தோஷத்தில் கேமராவைத் தூக்கினார். அவள் வாய் நிறைய நூடுல்ஸோடு கையை நீட்டி லென்ஸை மறைத்தாள்.

"இத எடுக்காதீங்க சார். கம்பெனில பாத்தா வேலை போயிடும்."