துளை போட்ட முகத்துக்கு ஒரு வரி வேண்டி விண்ணப்பம்

பெறுநர்: இந்திய மருந்துக் கட்டுப்பாட்டுத் தலைமை அதிகாரி அவர்கள், மத்திய மருந்துத் தரக் கட்டுப்பாட்டு அமைப்பு, புது தில்லி.

பொருள்: ஊசியால் துளைத்த முகம் ஆறும்வரை எதைப் பூசலாம், எதைப் பூசக் கூடாது என்பதில் சீரம் பாட்டில்கள் காத்துவரும் மௌனம் தொடர்பாக.

பார்வை: 1. மருந்துகள் மற்றும் அழகுசாதனப் பொருட்கள் சட்டம், 1940. 2. அழகுசாதனப் பொருட்கள் விதிகள், 2020. 3. மேற்படி பாட்டில்களின் பின்புறம் (பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தது).

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

முதலில் பாராட்டு. 1940-இல் வெறும் மருந்துச் சட்டமாகப் பிறந்த ஒன்றுக்குள் 1962-இல் அழகுசாதனப் பொருட்களையும் குடியேற்றியவர்கள் தொலைநோக்குள்ளவர்கள். தேய்ப்பது, ஊற்றுவது, தூவுவது, தெளிப்பது என்று அடுக்கிக்கொண்டே வந்தவர்கள், உடலுக்குள் செலுத்துவதையும் மறக்காமல் சேர்த்துவிட்டார்கள். முகத்தில் பூசுவது முகத்தின் மேலேயே நின்றுவிடாது என்பது அறுபது ஆண்டுகளுக்கு முன்பே அரசுக்குத் தெரிந்திருக்கிறது. அதற்குப் பிறகு அதைப் பற்றி யோசிக்க அவசரம் எதுவும் வரவில்லை போலும். இப்போது வந்திருக்கிறது. பருத்தழும்புக்கும் முகப்பொலிவுக்கும் முகத்தை ஊசிகளால் துளைக்கும் மைக்ரோநீட்லிங் என்பது கிளினிக்குகளின் விலைப்பட்டியலில் மட்டுமல்ல, அழகு நிலையங்களின் விலைப்பட்டியலிலும் ஏறிவிட்டது. அங்கே போக நேரமில்லாதவர்கள் ஆன்லைனில் ஒரு டெர்மா ரோலரை வரவழைத்துக் குளியலறைக் கண்ணாடி முன் தாங்களே உருட்டிக்கொள்கிறார்கள். உருட்டி முடித்துச் சிவந்துபோன முகத்தோடு அவர்கள் அடுத்து எடுப்பது, தங்கள் விதிகளின்படி தயாரான ஏதோ ஒரு பாட்டிலை. இந்தக் கடிதம் அந்தப் பாட்டிலைப் பற்றியது.

இந்தச் சிகிச்சையின் தத்துவமே காயப்படுத்துவதுதான். 1997-இல் கனடாவைச் சேர்ந்த காமிராண்ட், டூசே என்ற இரு மருத்துவர்கள், பச்சை குத்தும் கருவியை மையில்லாமல் ஓட்டித் தழும்புகளைச் சரிசெய்ததை எழுதினார்கள். பிறகு தென்னாப்பிரிக்க பிளாஸ்டிக் சர்ஜன் டெஸ்மண்ட் ஃபெர்னாண்டஸ், ஊசிகள் பதித்த உருளையைப் பரப்பினார். துளைத்தால் தோல் தன்னைச் சரிசெய்துகொள்ளக் கிளம்பும், அந்த வேகத்தில் புதிய கொலாஜனும் உருவாகும் என்பது கணக்கு. கணக்கில் தவறில்லை. ஆனால் அளவுகளைக் கொஞ்சம் பாருங்கள். தோலின் மேலே உள்ள கொம்புப் படலத்தின் தடிமன் சுமார் 0.01 முதல் 0.02 மில்லிமீட்டர். வீட்டு ரோலரில் உள்ள மிகச் சிறிய ஊசியே 0.2 அல்லது 0.25 மில்லிமீட்டர், கிளினிக்கில் தழும்புக்குப் போடுவது 1.5, சில சமயம் 2.5 வரை. வெளியிலிருந்து எது வந்தாலும் வாசலிலேயே நிறுத்தி விசாரிக்கும் காவலாளி அந்த மெல்லிய படலம்தான். 500 டால்டன் எடைக்கு மேற்பட்ட மூலக்கூறுகள் அதைக் கடப்பது அரிது என்று போஸ், மெய்னார்டி என்ற ஆய்வாளர்கள் 2000-இல் சொன்ன விதியைத் தோல் மருத்துவம் இன்றும் ஒப்புக்கொள்கிறது. அதாவது, ஒரு சீரத்தில் உள்ளவற்றில் கணிசமான பகுதி உள்ளே போகவே போவதில்லை. இத்தனை காலமும் சீரம் பெரும்பாலோருக்குக் கெடுதல் செய்யாமல் இருந்ததற்கு நற்சான்றிதழ் தரவேண்டியது பல சமயம் தோலுக்கு. நாம் அதைத் தயாரிப்பாளருக்குத் தந்துகொண்டிருக்கிறோம்.

அந்தக் காவல் இல்லாதபோது என்ன ஆகும் என்பதற்கு ஊகம் தேவையில்லை. 2014-இல் ஜாமா டெர்மட்டாலஜி இதழில் மூன்று பெண்களின் கதை வந்தது. மூவருக்கும் ஊசிச் சிகிச்சை. மூவரின் முகத்திலும் அதோடு சேர்த்துப் பூச்சு. இருவருக்கு வைட்டமின் சி சீரம். முகத்தில் சிவந்த தடிப்புகள் கிளம்பின. தோலை வெட்டிச் சோதித்தால், வெளியிலிருந்து வந்த பொருளை உடல் சுற்றி வளைத்து அடைக்க முயலும்போது உண்டாகும் கிரானுலோமா. இருவருக்கு அந்தச் சீரமே ஒவ்வாமையைக் கிளப்புகிறது என்று பேட்ச் டெஸ்டில் தெரிந்தது. கவனியுங்கள், இது கலப்படச் சரக்கு பற்றிய கதை அல்ல. தோலின் மேல் பூசுவதற்காகச் செய்த பொருள், தோலுக்குள் போனது, அவ்வளவுதான்.

இப்போது பார்வை 3-க்கு வருவோம். பாட்டிலின் பின்புறத்தில் சேர்மானங்களை எடை வரிசையில் இறங்குமுகமாக எழுத வேண்டும். ஒரு சதவீதமும் அதற்குக் கீழும் உள்ளவற்றைக் கடைசியில் எந்த வரிசையிலும் போட்டுக்கொள்ளலாம். நறுமணமும் பதப்படுத்திகளும் பெரும்பாலும் குடியிருப்பது இந்தக் கடைசி வீதியில்தான். ஆறிக்கொண்டிருக்கும் தோலுக்குத் தொல்லை தருவதில் முன்னணியில் நிற்பவையும் இவையே. மெத்தில்ஐசோதயசோலினோன் என்ற பதப்படுத்தியை 2013-இல் அமெரிக்கத் தொடு ஒவ்வாமைச் சங்கம் அவ்வாண்டின் ஒவ்வாமைப் பொருளாகத் தேர்ந்தெடுத்துக் கௌரவித்தது; பூசிவிட்டுக் கழுவாமல் விடும் பொருட்களில் அதைச் சேர்க்க ஐரோப்பா 2017-இல் தடை போட்டது. அதுவும் ஓட்டையில்லாத தோலைக் கணக்கில் வைத்து! பாட்டிலின் முன்புறமோ வேறு மொழி பேசுகிறது: "மென்மையானது", "டெர்மட்டாலஜிஸ்ட் பரிசோதித்தது", "ஹைப்போஅலர்ஜெனிக்". இந்தக் கடைசிச் சொல்லுக்கு ஒரு பரிசோதனைத் தகுதி வைக்க அமெரிக்க எஃப்.டி.ஏ. 1975-இல் விதி கொண்டுவந்தது. அல்மே, கிளினீக் (Clinique) ஆகிய அழகுசாதன நிறுவனங்கள் வழக்குப் போட்டன. 1977-இல் நீதிமன்றம் விதியைத் தள்ளியது. அன்றிலிருந்து அந்தச் சொல் அங்கே யார் வேண்டுமானாலும் ஒட்டிக்கொள்ளும் பொட்டாக இருக்கிறது. பரிசோதித்தார் என்று பாட்டில் சொல்லும் அந்த மருத்துவர் யார், எந்தத் தோலில் பரிசோதித்தார், முடிவு என்ன என்று பாட்டில் சொல்வதில்லை.

இடத்துக்கு இடம் பாதுகாப்பு மாறும் என்பது தரநிலை வகுப்பவர்களுக்குத் தெரியாததும் அல்ல. அழகுசாதனப் பொருட்களில் இருக்கக்கூடிய நுண்ணுயிர்களுக்கு ஐ.எஸ்.ஓ. 17516 வரம்பு விதிக்கிறது: சாதாரணப் பொருளில் கிராமுக்கு 1000 வரை, கண்ணோரம் பூசுவதற்கும் மூன்று வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும் உரியதென்றால் 100 வரை. கண்ணுக்குச் சலுகை உண்டு, குழந்தைக்குச் சலுகை உண்டு. ஆயிரக்கணக்கான துளைகளோடு உட்கார்ந்திருக்கும் முகத்துக்குத் தனி வரி கிடையாது. (தொட்டியில் அப்போதுதான் ஒடித்த கற்றாழை இயற்கையானது, ஆகவே கெடுதல் செய்யாது என்று நம்புகிறவர்களும் இந்த எண்களை ஒருமுறை பார்க்கலாம். கற்றாழைக்கு வரம்பே இல்லை.)

தங்கள் விதிகளில் இதற்கு வழி ஏற்கெனவே இருக்கிறது என்பதுதான் வேடிக்கை. ஆபத்து உள்ள இடத்தில், பாதுகாப்பாகப் பயன்படுத்தும் முறையையும் எச்சரிக்கையையும் லேபிளில் தர வேண்டும் என்கிறது விதி. ஆனால் ஆபத்து எங்கே இருக்கிறது என்பதை யார் சொல்வது? சீரம் தயாரிப்பவரைக் கேட்டால், என் சீரம் சாது, ஆபத்து ஊசியில் என்பார். ஊசி விற்பவரைக் கேட்டால், என் ஊசி துருப்பிடிக்காத எஃகு, ஆபத்து நீங்கள் பூசியதில் என்பார். இருவரும் உண்மையைத்தான் சொல்கிறார்கள். இரண்டும் சேரும் இடத்துக்குத்தான் பொறுப்பாளர் இல்லை. அந்த இடத்தையும் இப்போது ஒரே அட்டைப்பெட்டியில் வைத்து, ரோலரும் சீரமும் சேர்ந்து காம்போ, தள்ளுபடி விலை என்று விற்கிறார்கள்.

இதற்கு வரக்கூடிய மறுப்புகளில் வலுவானது, மருத்துவர் சொல்லிவிடுவாரே என்பது. நல்ல மருத்துவர் சொல்வார். முதல் ஒரு நாள் மேக்கப் வேண்டாம். சில நாட்களுக்கு ரெட்டினால், கிளைகாலிக், சாலிசிலிக், வைட்டமின் சி வேண்டாம். வாசனையில்லாத சாதாரண மாய்ஸ்ச்சரைசர் போதும். வெயிலைத் தவிருங்கள், பிறகு ஜிங்க் ஆக்சைடு சன்ஸ்கிரீன் போடுங்கள் என்று எழுதியும் தருவார். பிரச்சினை அந்தச் சீட்டோடு கடைக்குப் போனபின் தொடங்குகிறது. ரெட்டினாலின் வழிப்பொருள் ஒரு பாட்டிலில் ரெட்டினில் பால்மிட்டேட் என்ற பெயரில் இருக்கும். வைட்டமின் சி-யின் அஸ்கார்பிக் அமில வடிவம் வேலை செய்ய 3.5-க்கும் குறைந்த பி.எச். தேவை என்பதும் லேபிளில் இராது. மருத்துவரின் சீட்டும் பாட்டிலின் லேபிளும் ஒரே மொழி பேசினால்தான் மருத்துவர் சொன்னது வீடுவரை வரும். அழகு நிலையத்தில் செய்துகொண்டவருக்கும் குளியலறையில் உருட்டிக்கொண்டவருக்கும் சீட்டும் கிடையாது. அவர்களுக்கு இருக்கும் ஒரே ஆலோசகர் பாட்டில்தான்.

லேபிளை யார் படிக்கிறார்கள் என்பது இன்னொரு மறுப்பு. பி.பி.டி. என்ற சாயப்பொருள் கலந்த தலைச்சாயத்தின் பெட்டியைத் தாங்கள் எடுத்துப் பார்க்க வேண்டும். சிலருக்குத் தோல் எரிச்சல் வரலாம், முதலில் சோதித்துப் பாருங்கள், புருவத்திலும் இமைமுடியிலும் போடாதீர்கள், பார்வை போகலாம் என்று ஆங்கிலத்திலும் உள்ளூர் மொழிகளிலும் அச்சிட வைத்தது இதே சட்டத்தின் கீழ் வந்த விதிதான். எல்லாரும் படித்துவிட்டார்கள் என்று சொல்ல முடியாது. படிக்க விரும்பியவர் படிப்பதற்கு ஏதோ ஒன்று அங்கே இருக்கிறது. தலைச்சாயத் தொழிலும் அந்தச் செலவில் நொடித்துப் போய்விடவில்லை.

மூன்றே பெண்கள்தானே என்பார்கள். உண்மை, கிரானுலோமா அரிது. ஆனால் நம் ஊர் முகங்களுக்கு அவ்வளவு பெரிய விபத்து தேவையில்லை. மாநிறத் தோலும் கருந்தோலும் சின்ன எரிச்சலைக்கூடக் கருந்திட்டாகப் பதிவுசெய்து மாதக்கணக்கில் வைத்திருக்கும். பருத்தழும்பு போகச் சிகிச்சைக்குப் போனவர், தவறான சீரத்தால் வந்த கருப்போடு திரும்புவது எந்த ஆய்விதழிலும் ஏறாது. அவர் அடுத்து மருந்துக்கடையில் வாங்குவது என்னவென்றும் தங்களுக்குத் தெரியும்: ஸ்டெராய்டு கலந்த களிம்பு. அது முகங்களைப் பாழாக்குகிறது என்று தோல் மருத்துவர்கள் ஆண்டுக்கணக்கில் கத்தியபின், 2018-இல் பல ஸ்டெராய்டு களிம்புகள் சீட்டில்லாமல் கிடைக்கக் கூடாதென்று ஆணை வந்தது.

விலையுயர்ந்த "போஸ்ட் புரொசீஜர்" பாட்டில்களைக் கட்டாயமாக்கும்படி இந்த விண்ணப்பம் கேட்கவில்லை. 1996-இல் ஜாமா இதழில் வந்த ஓர் ஆய்வு, சிறு அறுவைக் காயங்களில் ஆன்டிபயாடிக் களிம்பையும் சாதாரண வெள்ளைப் பெட்ரோலிய ஜெல்லியையும் ஒப்பிட்டது. தொற்றில் சொல்லத்தக்க வேறுபாடு இல்லை, ஒவ்வாமை வந்தது களிம்புப் பக்கத்தில். ஆறும் தோல் கேட்பது பெரும்பாலும் குறைவாகத்தான். குறைவாகக் கேட்பதை விற்க முடியாது என்பதால் அதை யாரும் விளம்பரம் செய்வதில்லை.

ஆகவே கோரிக்கை சிறியது. முகத்தில் பூசிக் கழுவாமல் விடும் எல்லாப் பொருளிலும், "காயமில்லாத தோலுக்கு மட்டும், ஊசி, லேசர், பீல் சிகிச்சைக்குப் பின் தோல் ஆறும்வரை பூசாதீர்கள்" என்று ஒரு வரி, தலைச்சாயத்துக்குச் செய்தது போலவே உள்ளூர் மொழியிலும் படிக்கக்கூடிய எழுத்தளவிலும். துளைத்த தோலில் சோதித்து நிரூபித்தவர்களுக்கு அந்த வரியிலிருந்து விலக்குத் தரலாம். சோதனையின் விவரத்தை அவர்கள் வெளியிட வேண்டும். விதி வருவதற்குக் காலம் ஆகும் என்பது தெரிந்ததுதான். அதுவரை, ரோலரையும் சீரத்தையும் ஒரே பெட்டியில் போட்டு விற்கிறவர்களிடம் எழுத்து மூலமாக ஒன்றே ஒன்று கேளுங்கள்: இந்த ஊசி போட்ட தோலில் இந்தச் சீரத்தை எத்தனை பேரிடம் சோதித்தீர்கள்? பதில் வந்தால் நகல் ஒன்று அனுப்பிவைக்க வேண்டுகிறேன்.

இங்ஙனம்,
பாட்டிலின் பின்புறத்தைப் படிக்க முயலும் நுகர்வோர்