ரெண்டு அட்டை

வாடா பேராண்டி, உக்காரு. இந்தக் கம்பிளியைப் போத்திக்க. போனுலயே மாத்திரை விக்கப்போறியாமே? கடை வேணாம், வாடகை வேணாம், டாக்டர் சீட்டும் வேணாம். ஆர்டர் வந்தா குன்னூர்லயிருந்து கூரியர். அடேங்கப்பா! நாப்பது வருசம் கொழுந்து நிறுத்த எனக்கு இந்த மூளை வரலையே.

தாராளமா செய்யி. கெழவன் சொல்றதையும் காதுல போட்டுக்க.

நம்ம மலையில அட்டை ரெண்டு வகை. தேயிலைக்குள்ள கால்ல ஏறுறது ஒண்ணு. ஒரு சிட்டிகை உப்பு போட்டா சுருண்டு விழுந்துரும். நீ விக்கப்போற மாத்திரை அட்டை அப்படியில்ல. லைசென்சு இல்லாம வித்தியோ, 1940-ல போட்ட மருந்துச் சட்டத்துல 27-ஆம் பிரிவு வந்து ஒட்டிக்கும். குறைஞ்சது 3 வருசம், கூடுனா 5. அபராதம் குறைஞ்சது 1 லட்சம், இல்லேன்னா பிடிபட்ட சரக்கு விலையில மூணு மடங்கு, எது பெருசோ அது. இதுக்கு உப்பு எந்தக் கடையிலயும் இல்ல.

"ஆன்லைனுக்குன்னு தனி விதியே இல்லையே தாத்தா"ம்பே. 2018-ல டெல்லியில வரைவு போட்டாங்க. அந்த டிசம்பர்ல மெட்ராஸ் ஹைகோர்ட்டு, விதி வர்றவரைக்கும் விக்கக்கூடாதுன்னுச்சு. அடுத்த மாசமே ரெண்டு ஜட்ஜுங்க உக்காந்து அதை நிறுத்தி வெச்சாங்க. அது பெரிய கம்பெனிக்கும் மருந்துக்கடைக்காரங்களுக்கும் நடந்த சண்டைடா. காட்டெருமை ரெண்டு முட்டிக்கிற எடத்துல உன் வெள்ளாட்டுக்குட்டிக்கு என்ன வேலை?

"நான் வெப்சைட்டு நடத்துறவன்தானே"ன்னும் சொல்லுவே. கொல்கத்தாவுல ஒரு கம்ப்யூட்டர் கம்பெனிக்காரரு உனக்கு முன்னாடியே சொல்லிப் பாத்துட்டாரு. இன்டர்நெட் மருந்து வழக்குல 2007-ல பிடிச்சாங்க. நாங்க வெறும் நெட்வொர்க்கு குடுக்கிறவங்கன்னு ஐ.டி. சட்டத்தைக் காட்டி ஜாமீன் கேட்டாரு. அந்த டிசம்பர்ல சுப்ரீம் கோர்ட்டு குடுக்கலை.

தூக்க மாத்திரை, வலி மாத்திரைன்னு எறங்குனா இன்னும் விசேஷம். அல்பிரசோலம், டிரமடால் எல்லாம் போதைப்பொருள் சட்டத்துக்குள்ள வர்ற சரக்கு. அல்பிரசோலம் 100 கிராமைத் தாண்டுனா வணிக அளவு. 10 வருசத்துல ஆரம்பிச்சு 20 வரைக்கும் போகும். "மாத்திரைக்குள்ள மருந்து துளிதானே, மிச்சம் வெறும் மாவு"ன்னு கணக்குக் காட்டாதே. கொழுந்து நிறுக்கையில நான் ஈரத்துக்குக் கழிச்சிருக்கேன், சாக்குக்குக் கழிச்சிருக்கேன். 2020-ல சுப்ரீம் கோர்ட்டு கலப்புக்குக் கழிவே கிடையாது, மொத்த எடைதான்னுருச்சு. என்னைவிடக் கறாரான தராசுடா அது.

வாங்குறவன் மொகத்தையாவது பாப்பியா? தூக்கம் வராத கெழவியா, பரீட்சைக்குப் பயந்த பத்தாங்கிளாஸ் பையனான்னு கூரியர் பொட்டலத்துக்கு என்ன தெரியும்? ஊட்டிக்கு வர்ற காருக்கே 2024-லயிருந்து இ-பாஸ் கேக்குறாங்க. மனுசன் வயித்துக்குள்ள போற மாத்திரைக்கு ஒரு சீட்டு கேக்கக்கூடாதா?

இத்தனைக்கு அப்புறமும் செய்வேன்னா செய்யி சாமி. கோயமுத்தூர் ஜெயில்ல நம்ம ஊர்க் குளிர் கிடையாது. கெளம்பறப்போ அந்தக் கம்பிளியை மட்டும் வெச்சுட்டுப் போ. எனக்கு ஆகும்.