அம்மணி பாரிஸுக்குப் போன கதை

பிரம்மன் யாகம் செய்தது எங்கள் காஞ்சி அத்திகிரியில். ஸ்தல புராணமே சாட்சி. இவ்வளவு செய்தும் நம் நாட்டில் அவருக்குக் கோயில் வாய்ப்பது அபூர்வம். பாவம் பார்த்த பாரிஸ்காரர்கள் 1830-இல் தங்கள் ஓபராவிலேயே இடம் ஒதுக்கிவிட்டார்கள். ஓபேர் இசையமைத்த அந்த நாடகத்தில் பிரம்மன் மாறுவேஷத்தில் வந்து ஒரு தேவதாசியைச் சோதிப்பார். தாசி வேஷம், நுனிக்காலில் மிதப்பதற்குப் பேர்போன மரி தாக்லியோனிக்கு. சுற்றிலும் எல்லோரும் தொண்டை வற்றப் பாட, அம்மாள் மட்டும் வாய் திறக்காமல் ஆடினார்.

கோயில் தாசி என்றால் இப்படித்தான் என்று ஊர் முடிவுகட்டியிருந்த வேளையில், தார்திவெல் என்ற பிரெஞ்சு ஆசாமி அசலையே கொண்டுபோய்க் காட்டிக் காசு பார்க்கக் கிளம்பினார். காஞ்சியில் கோயிலுக்கும் பஞ்சமில்லை, ஆடுகிறவர்களுக்கும் பஞ்சமில்லை. ஆனால் புதுச்சேரியில் ஒப்பந்தம் போடுகிறவருக்கு வண்டிச்சத்தம் முக்கியம் அல்லவா? கடலூர்ப் பக்கத்துத் திருவந்திபுரத்தோடு நின்றுவிட்டார். எங்கள் ஊருக்கு அந்த வருத்தம் இன்னும் உண்டு. குறைந்தபட்சம் எனக்கு உண்டு.

ஆட ஐந்து பேர், வாசிக்க மூன்று பேர். மூத்தவள் தில்லம்மாளுக்கு முப்பது வயது, கடைக்குட்டிக்கு ஆறு. நட்சத்திரம், பதினெட்டு வயது அம்மணி. 1838 ஆகஸ்டில் பாரிஸ் வரியேத்தே அரங்கில் சலங்கை ஒலித்தது. கவிஞர் கோத்தியேவுக்கு அதுவரை பொறுமையில்லை. அவர்கள் தங்கியிருந்த வீட்டுக்கே முன்கூட்டிப் போய், ஒரு மூக்குத்திகூட விட்டுப்போகாமல் பார்த்துப் பத்திரிகையில் எழுதித் தள்ளினார். நிறம் புளோரன்ஸ் வெண்கலம் என்றார். பார் என்ற சிற்பி அம்மணியை நிஜமாகவே வெண்கலத்தில் வார்த்துவிட்டார். உவமைக்கு இவ்வளவு சீக்கிரம் பலன் கிடைத்தது அபூர்வம்.

பாரிஸை வாய்பிளக்க வைத்தது புறா ஆட்டம். சுழன்றுகொண்டே நீளத் துணியை முறுக்கி, முடிந்து, பனைமரமாக்கி, அதில் புறாவும் உட்கார வைத்தார்கள். எங்கள் ஊரில் முந்தானையில் ஓர் அன்னபட்சி வரவேண்டுமானால் குழித்தறியில் காலை விட்டு நாள்கணக்கில் உட்கார வேண்டும்.

அக்டோபரில் லண்டன் அடெல்ஃபி அரங்கம். கூட்டத்துக்குக் குறைவில்லை. ஆனாலும் போன இடமெல்லாம் அளவுகோலாகத் தாக்லியோனி கூடவே வந்தார். வேஷத்தை முதலில் பார்த்துப் பழகியவர்களுக்கு அசல்தான் ஏதோ போலத் தெரிந்தது!

பார்த்த பிறகாவது திருந்தினார்களா என்றால், கோத்தியே 1858-இல் சகுந்தலையை பாலேவாக்கினார். நடனம் அமைத்தது லூசியன் பெட்டிப்பா. அவர் தம்பி மாரியஸ் 1877-இல் பீட்டர்ஸ்பர்க்கில் ஒரு கோயில் தாசி கதையையே மேடையேற்றினார். நாயகி நிகியா பூக்கூடைப் பாம்பு கடித்துச் சாகிறாள். செத்த பிறகும் கும்பலாக வெள்ளையுடையில் நுனிக்காலில் ஆடுகிறாள். அம்மணி குழுவுக்குத் தாளம் தட்டிய நம் ராமலிங்கத்துக்கு அதில் வேலையே இல்லை.